அந்த முப்பது சதவீதம்

முப்பத்திரண்டு வருடங்கள் பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக் கொடுத்தவன் நான். சதவீதப் பாடத்தில் தடுமாறிய பையன்களை பெஞ்சு மேல் ஏற்றி நிறுத்தியதும் உண்டு. அதே பாடத்தில் ஓய்வு பெற்ற பிறகு நானே தோற்றுப்போனேன். தோல்வியின் மதிப்பு ரூ. 3,84,000. அது என் பணமாக இருந்திருந்தால் இதை எழுதியிருக்க மாட்டேன். என் தங்கையின் பணம், தம்பியின் பணம்.

திருவனந்தபுரத்தில் வலியசாலையில் எங்கள் அம்மாவின் வீடு இருக்கிறது. ஓட்டு வீடு. பக்கத்து வீட்டுக்கும் எங்களுக்கும் ஒரே சுவர். ஆ. மாதவன் தன் கதைகளில் எழுதிய சாலைக் கடைத்தெரு அங்கிருந்து நடந்து போகும் தூரம்தான். அங்கே அப்பா பாத்திரக்கடை வைத்திருந்தார். அப்பா முதலில் போனார். 2016-இல் அம்மாவும் போனார். உயில் எதுவும் எழுதி வைக்கவில்லை. இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகன்களுக்கும் மகளுக்கும் சம பங்கு. நான் பாப்பனங்கோட்டில் சொந்த வீட்டில் இருக்கிறேன். தங்கை நாகர்கோவிலில். தம்பி ஷார்ஜாவில். வீட்டை விற்க யாருக்கும் மனமில்லை. வாடகைக்கு விட்டோம். உள்ளூரில் இருப்பவன் என்பதால் வாடகை என் வங்கிக் கணக்குக்கு வரும், நான் மூன்றாகப் பிரித்து அனுப்புவேன் என்று ஏற்பாடு.

பிரித்து அனுப்புவதற்கு முன் இருவர் பங்கிலும் 30 சதவீதத்தை 'வரிக்கு' என்று கழித்துக்கொண்டேன். எட்டு வருடங்கள், மாதம் தவறாமல்.

முப்பது என்ற எண் எங்கிருந்து வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். முதல் வருடம் என் வருமான வரிக் கணக்கைத் தாக்கல் செய்து கொடுத்தவர் ஒற்றைத் தாளில் கணக்கு எழுதித் தந்தார். வாடகை இவ்வளவு, அதில் மாநகராட்சி வரி இவ்வளவு, கீழே '30 சதவீதம்' என்று ஒரு வரி, அதற்கு நேரே ஒரு தொகை. அதுதான் வரி என்று எடுத்துக்கொண்டேன். பணக்காரர்கள் முப்பது சதவீதம் வரி கட்டுகிறார்கள் என்று பத்திரிகையில் படித்திருந்ததும் சேர்ந்துகொண்டது. தாளில் அந்த வரிக்குக் கீழே இன்னும் நாலு வரிகள் இருந்தன. நான் படிக்கவில்லை. கேள்வியை முழுதாகப் படி என்று எத்தனை பையன்களிடம் சொல்லியிருப்பேன்!

விஷயம் வெளிப்பட்டது குடியிருப்பவரால். டெக்னோபார்க்கில் வேலை பார்க்கும் தென்காசிக்காரர், கல்யாணமாகி இரண்டு வருடமான இளைஞர். 2025 ஏப்ரலில் வாடகையை 24,000 ரூபாயாக உயர்த்தி, மூன்று பேர் பெயரையும் போட்டு, புதிய பதினோரு மாத ஒப்பந்தம் எழுதினோம். சில நாள் கழித்து வீட்டுக்கு வந்தார்.

"சார், உங்க மூணு பேரோட பான் நம்பர் வேணும்."

எனக்குப் பகீர் என்றது. பான் எண் கேட்டால் வரித்துறை வாசலில் வந்து நிற்கும் என்பது எங்கள் தலைமுறையின் நம்பிக்கை. பழைய வரி முறையில் வீட்டு வாடகைப் படிக்கு விலக்குக் கேட்கும் ஊழியர், வருட வாடகை ஒரு லட்சத்தைத் தாண்டினால் வீட்டுக்காரரின் பான் எண்ணைத் தர வேண்டும் என்று அவர் விளக்கினார். அதோடு விடவில்லை. "உங்க தம்பி வெளிநாட்டுல இருக்காருல்ல சார்? அவர் பங்குக்கு நான் டிடிஎஸ் பிடிச்சுக் கட்டணுமாம். ஆபீஸ்ல சொன்னாங்க."

"அதெல்லாம் நான்தான் கட்டிக்கிட்டு இருக்கேனே, முப்பது பர்சென்ட்" என்றேன், கொஞ்சம் பெருமையாகவே.

அவர் என்னை விநோதமாகப் பார்த்தார். "முப்பது பர்சென்ட் வரி இல்லையே சார், அது கழிவுல்ல?"

அன்று மாலை திண்ணையில் உட்கார்ந்து இருவரும் கணக்குப் போட்டோம். நான் மாணவன், அவர் வாத்தியார்.

வீட்டு வாடகைக்கு வரி போடும் முறை நாம் பயப்படும் அளவுக்குச் சிக்கலானது அல்ல. வருடம் முழுதும் வரும் வாடகையில் முதலில் மாநகராட்சிக்கோ நகராட்சிக்கோ பஞ்சாயத்துக்கோ கட்டிய கட்டட வரியைக் கழிக்க வேண்டும். அதுவும் சொந்தக்காரர் கட்டியிருக்க வேண்டும், அந்த வருடத்துக்குள் கட்டியிருக்க வேண்டும். பழைய பாக்கியை இந்த வருடம் கட்டினால் இந்த வருடம் கழித்துக்கொள்ளலாம். ஆனால் வில்லேஜ் ஆபீசில் நிலத்துக்குக் கட்டுகிறோமே கரம், அது இதில் சேராது. மீதி வரும் தொகையில் 30 சதவீதத்தை அரசு கண்ணை மூடிக்கொண்டு தள்ளுபடி செய்கிறது. பழுது பார்த்தாயா, வெள்ளையடித்தாயா, ரசீது எங்கே என்று கேட்பதில்லை. எஞ்சிய 70 சதவீதம்தான் வீட்டு வருமானம். அதை மற்ற வருமானத்தோடு கூட்டி, அவரவருக்கு உரிய படிநிலையில் வரி.

ஆக, நான் வரி என்று பிடித்துக்கொண்ட முப்பது, வரியே இல்லாத முப்பது. தலைகீழாகப் படித்திருக்கிறேன்.

இந்தச் சுலபமும் பழையதல்ல. 2001-ஆம் ஆண்டின் நிதிச் சட்டத்துக்கு முன்பு பழுது பார்க்க ஒரு பங்கு, வாடகை வசூல் செலவு, காப்பீட்டு பிரீமியம், நிலத் தீர்வை என்று தனித்தனியாகக் கழிக்க வேண்டியிருந்தது. எல்லாவற்றையும் தூக்கிவிட்டு ஒரே 30 சதவீதம் என்று வைத்தார்கள். 1961-ஆம் ஆண்டின் சட்டத்துக்குப் பதிலாக 2026 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு என்று இயற்றப்பட்ட 2025-ஆம் ஆண்டின் புதிய வருமான வரிச் சட்டத்திலும் இந்த முப்பதில் கை வைக்கவில்லை.

சலுகைக்கு மறுபக்கமும் உண்டு. 2024 மழைக்காலத்தில் வலியசாலை வீட்டில் உத்தரம் ஒன்று உளுத்து, ஓடு மாற்றி, ரூ. 1,40,000 செலவானது. கழிவாகக் கிடைத்ததோ முப்பது சதவீதக் கணக்கில் சுமார் ரூ. 77,000. அதற்கு மேல் ஒரு பைசா கிடையாது. மழை பெய்தாலும் முப்பது, பெய்யாவிட்டாலும் முப்பது. பழைய ஓட்டு வீட்டுக்கும் கழக்கூட்டத்தில் நேற்று கட்டி முடித்த அடுக்குமாடி ஃபிளாட்டுக்கும் ஒரே அளவுகோல். பழைய வீட்டைக் காப்பாற்றி வைத்திருப்பவர்களுக்கு இது நியாயமா என்று கேட்கத் தோன்றுகிறது.

இரண்டாவது தவறு இன்னும் பெரியது. வாடகை என் கணக்குக்கு வந்ததால் அது என் வருமானம் என்று நினைத்து, மொத்தத்தையும் என் பெயரிலேயே காட்டி வந்திருக்கிறேன். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. பங்கு இவ்வளவு என்று நிச்சயமாகத் தெரிந்திருந்தால், கூட்டுச் சொந்தக்காரர்கள் ஒவ்வொருவரும் தன் பங்கைத் தன் கணக்கில் காட்ட வேண்டும். பணம் யார் கையில் வந்து விழுகிறது என்பது முக்கியமல்ல. எங்கள் போக்குவரவு, அதாவது பட்டா மாற்றம், வெகுநாள் இழுத்தது. அதுவரை சொத்து எங்கள் பெயரில் இல்லையே என்று சமாதானமும் சொல்லிக்கொண்டேன். அதுவும் செல்லாது. போடார் சிமென்ட் வழக்கில் 1997-இலேயே உச்ச நீதிமன்றம், வீட்டு வருமான வரிக்கு 'சொந்தக்காரர்' என்றால் அந்த வருமானத்தைத் தன் உரிமையில் பெறத் தகுதியுள்ளவர் என்று சொல்லிவிட்டது. பத்திரத்தில் பெயர் ஏறும் வரை காத்திருக்க வேண்டியதில்லை.

இனி கணக்கு. 2025-26-க்கு வாடகை ரூ. 2,88,000. மாநகராட்சி வரி ரூ. 6,000. மீதி 2,82,000. அதில் முப்பது சதவீதம் 84,600. எஞ்சுவது 1,97,400. மூன்றால் வகுத்தால் ஆளுக்கு ரூ. 65,800.

என் ஓய்வூதியம் வருடத்துக்கு ரூ. 6,24,000. புதிய வரி முறையில் ஓய்வூதியக்காரர்களுக்கு உள்ள நிலையான கழிவு 75,000 போனால் 5,49,000. வாடகைப் பங்கைச் சேர்த்தால் 6,14,800. 2025 பட்ஜெட் வகுத்த படிநிலையில் முதல் 4 லட்சத்துக்கு வரி இல்லை. 4 முதல் 8 லட்சம் வரை 5 சதவீதம், 12 வரை 10, 16 வரை 15, 20 வரை 20, 24 வரை 25, அதற்கு மேல்தான் 30. என் வரி ரூ. 10,740 வருகிறது. ஆனால் 12 லட்சம் வரை வருமானமுள்ள, இந்தியாவில் வசிப்பவர்களுக்கு வரித் தள்ளுபடி இருப்பதால் அதுவும் பூஜ்யம்.

தங்கைக்கு இதைத் தவிர கொஞ்சம் வைப்பு நிதி வட்டி மட்டும்தான். பூஜ்யம். தம்பிக்கு இந்தியாவில் வேறு வருமானமே இல்லை. வெளிநாட்டில் வசிப்பவர்களுக்கு அந்த 12 லட்சத் தள்ளுபடி கிடையாது. ஆனாலும் முதல் 4 லட்சத்துக்கு வரி இல்லை என்பது அவர்களுக்கும் உண்டு. அவனுக்கும் பூஜ்யம்.

மூன்று பூஜ்யங்கள். நான் பென்சிலைக் கீழே வைத்தேன்.

எட்டு வருடத்துக்கு முந்தைய நோட்டுகளை எடுத்துப் பார்த்தேன். முதல் நாலு வருடம் மாத வாடகை 18,000, அடுத்த நாலு வருடம் 22,000. மொத்தம் 19,20,000. அதில் தங்கை, தம்பியின் பங்கு 12,80,000. அதில் முப்பது சதவீதம் 3,84,000. அவர்கள் பங்குக்கும் சேர்த்து என் பெயரில், என் படிநிலையில், வரி கட்டியிருந்தேன் என்பது உண்மை. அவரவர் பெயரில் காட்டியிருந்தால் கட்டவே வேண்டியிராத வரி அது. திரும்ப வாங்கலாமா என்று விசாரித்தேன். திருத்திய கணக்கு தாக்கல் செய்யக் கெடு உண்டு, அது எப்போதோ போய்விட்டது. பிந்தி வரும் 'புதுப்பித்த கணக்கு' வசதி, அரசுக்குக் கூடுதலாகக் கட்ட விரும்புகிறவர்களுக்குத்தான். வரியைக் குறைக்கவோ திரும்பக் கேட்கவோ அதில் வழியில்லை. கட்டியதற்கும் பிடித்ததற்கும் இடையிலிருந்த வித்தியாசம் என் சேமிப்போடு சேர்ந்து கரைந்திருந்தது. திருட வேண்டும் என்று நினைக்கவில்லை. ஆனால் தெரியாமல் எடுத்தாலும் எடுத்தது எடுத்ததுதான்.

மறுநாள் தங்கைக்குப் போன் செய்தேன். முழுக்கச் சொல்லி முடித்தேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை.

"எங்க வீட்டுல அவங்க ஒருதடவை கேட்டாங்க, அண்ணே. 'எனக்கு வரிகட்டுற அளவுக்கு வருமானமே இல்லையே, உன் அண்ணன் எதுக்குப் பிடிக்கிறார்'னு. நான்தான் சத்தம் போட்டு அடக்கிட்டேன்."

"நீ என்கிட்ட கேட்டிருக்கலாமே?"

"கேட்டா, சொத்துக்காகக் கேக்குறான்னு ஆயிரும்ல."

அதைக் கேட்டபோது வந்த வலி ரூபாயில் அடங்காது. குடும்பங்களில் பணக் கணக்கு இப்படித்தான் சீழ் பிடிக்கிறது. கேட்டால் மரியாதைக் குறைவு, கேட்காவிட்டால் சந்தேகம். தம்பி கடைசி மூன்று வருடங்களாகப் பேச்சைக் குறைத்துக்கொண்டதற்கு வேலைப்பளு காரணம் என்றுதான் நினைத்திருந்தேன்.

தம்பி விஷயத்தில் இன்னொரு முப்பது காத்திருந்தது. வெளிநாட்டில் வசிப்பவருக்கு வாடகை கொடுப்பவர், தொகை எவ்வளவு சிறியதானாலும், வருமான வரியை முன்கூட்டியே பிடித்து அரசுக்குக் கட்ட வேண்டும். விகிதம் 30 சதவீதம், அதன் மேல் 4 சதவீத மேல்வரி, ஆக 31.2. உள்ளூர் வீட்டுக்காரருக்கு மாதம் ரூ. 50,000-க்கு மேல் வாடகை போனால்தான் தனிநபர் பிடித்தம் செய்ய வேண்டும், அதுவும் 2 சதவீதம் மட்டுமே. தம்பி பங்கான 8,000 ரூபாயில் 2,496 மாதாமாதம் போகும். வரி பூஜ்யம் என்பதால் வருட முடிவில் அவன் கணக்குத் தாக்கல் செய்து அத்தனையையும் திரும்பப் பெறலாம். அல்லது முன்கூட்டியே விண்ணப்பித்து, குறைவாகப் பிடிக்கலாம் என்று வரி அதிகாரியிடம் சான்றிதழ் வாங்கலாம். வாடகை அவனுடைய என்.ஆர்.ஓ. கணக்குக்குப் போக வேண்டும். பிடித்துக் கட்டுவதற்கு டேன் எண் என்று ஒன்று வேண்டும், காலாண்டுக்கு ஒருமுறை விவரம் தர வேண்டும். பாவம், குடியிருப்பவருக்கு இவ்வளவு வேலை. வளைகுடா சம்பாத்தியத்தில் கட்டிய வீடுகள் நிறைந்த கேரளத்தில், எத்தனை குடித்தனக்காரர்களுக்கு இது தெரியும் என்று யோசித்துப் பார்க்கிறேன். பிடிக்காமல் விட்டால் பொறுப்பு அவர்கள் தலையில்தான் விழும். எங்கள் தென்காசிக்காரர் முகம் சுளிக்காமல் டேன் எண் வாங்கினார்.

ஒரு கணக்கில் மூன்று முப்பதுகள்! பெரிய வருமானத்தின் உச்சிக்கு உள்ள வரி முப்பது. வாடகையில் வரியே இல்லாத பகுதி முப்பது. வெளிநாட்டுக்காரருக்காகப் பிடித்து வைக்கும் முன்பணம் முப்பது. மூன்றையும் ஒன்றாகக் குழப்பியது நான் மட்டும்தானா என்று தெரிந்தவர்களிடம் பேசிப் பார்த்தேன். இல்லை.

எங்கள் தெருவில் ஓய்வு பெற்ற ஒருவர் மாடியைப் பூட்டியே வைத்திருக்கிறார். வாடகைக்கு விட்டால் 'அடுத்த படிக்குப் போய்விடுவேன், எல்லாப் பணத்துக்கும் அதிக வரி' என்பது அவர் பயம். படி ஏறினால் ஏறிய பகுதிக்கு மட்டும்தான் அந்த விகிதம், கீழே உள்ளதற்குப் பழைய விகிதமே என்று சொன்னேன். 12 லட்சக் கோட்டில் மட்டும் அவர் பயத்தில் கொஞ்சம் நியாயம் உண்டு. அதைத் தாண்டினால் தள்ளுபடி போய்விடும். ஆனால் அங்கேயும் சட்டம் ஒரு தடுப்பு வைத்திருக்கிறது. வருமானம் 12,10,000 என்றால் படிநிலைக் கணக்கில் ரூ. 61,500 வரும், ஆனால் தாண்டிய 10,000-க்கு மேல் வரி கேட்கக் கூடாது. மேல்வரி மட்டும் கூடுதல். வாடகையின் முப்பது சதவீதமோ எப்போதும் அவருடையதுதான்.

பூட்டிய வீடுகளுக்குக் கேரளத்தில் பஞ்சமில்லை. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இங்கு பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட வீடுகள் ஆளில்லாமல் இருந்தன. சொந்த உபயோகத்துக்கு என்று இரண்டு வீடுகள் வரை வருமானம் பூஜ்யம் என்று வைத்துக்கொள்ளலாம். மூன்றாவது வீடு இருந்தால், காலியாகக் கிடந்தாலும், வந்திருக்கக் கூடிய வாடகைக்கு வரி உண்டு. ஒரு காலத்தில் இது இன்னும் கடுமையாக இருந்தது. 1980-களின் நடுப்பகுதி வரை, தான் குடியிருக்கும் ஒரே வீட்டுக்கும் கற்பனை வாடகை போட்டு, சலுகை போக மீதியை வருமானத்தில் சேர்த்தார்கள். அம்மா அந்தக் காலத்து ரசீதுகளை பிஸ்கட் டின்னில் போட்டு வைத்திருந்தார்.

கடன் வாங்கிக் கட்டிய வீடானால் கணக்கு வேறு. வாடகைக்கு விட்ட வீட்டின் கடன் வட்டியை வாடகையில் கழிக்கலாம். வட்டி அதிகமாகி நஷ்டம் வந்தால், பழைய முறையில் வருடத்துக்கு 2 லட்சம் வரை சம்பளத்தோடு ஈடுகட்டலாம். புதிய முறையில் அது முடியாது. எங்கள் வீட்டின் மேல் கடன் இல்லை, இருந்தது என் தவறு மட்டும்தான்.

மற்ற நாடுகளில் எப்படி என்று தம்பி கேட்டான். அவன் இருக்கும் ஷார்ஜாவில் தனிநபருக்கு வருமான வரியே இல்லை. பிரிட்டனில் 2017 முதல் சொத்து வருமானத்தில் வருடத்துக்கு 1,000 பவுண்டு வரை வரி கிடையாது. குடியிருக்கும் வீட்டிலேயே சாமான்களோடு ஓர் அறையை வாடகைக்கு விட்டால் 7,500 பவுண்டு வரை விலக்கு. அவர்கள் ஒரு தொகையைச் சொல்கிறார்கள். நாம் ஒரு விகிதத்தைச் சொல்கிறோம். தொகை என்றால் என்னைப் போன்றவன் தப்பாகப் படித்திருக்க மாட்டான் என்று தோன்றுகிறது. ஆனால் வாத்தியார் தன் தப்புக்குப் பாடப்புத்தகத்தைக் குறை சொல்லக் கூடாது.

வைப்பு நிதி ஒன்றை முறித்தேன். இருவருக்கும் ஆளுக்கு ரூ. 1,92,000. அவர்கள் பெயரில் நான் கட்டிய வரியைக் கழிக்கவில்லை. தவறாகக் கட்டியது நான், நஷ்டமும் என்னுடையதாக இருக்கட்டும். மனைவி ஒன்றும் சொல்லவில்லை. "உத்தரம் மாத்தின செலவுல அவங்க பங்கு?" என்று மட்டும் கேட்டாள். நியாயமான கேள்விதான். அதை மட்டும் தனியாக எழுதி இருவருக்கும் அனுப்பினேன். இருவரும் தந்தார்கள்.

தம்பி அன்று இரவு வெகுநேரம் பேசினான். பணத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. வலியசாலை வீட்டுக் கிணற்றில் இப்போதும் தண்ணீர் இருக்கிறதா என்று கேட்டான். விடுமுறைக்கு வரும்போது பையனுக்கு அந்த வீட்டைக் காட்ட வேண்டும் என்றான். மூன்று வருடங்களாக ஊருக்கு வருவதைப் பற்றி அவன் பேசியதே இல்லை.

இப்போது ஒவ்வொரு ஏப்ரலிலும் ஒரு தாள் எழுதுகிறேன். வாடகை, மாநகராட்சி வரி, முப்பது சதவீதக் கழிவு, மீதி, ஆளுக்கு எவ்வளவு. படம் எடுத்து வாட்ஸ்அப்பில் இருவருக்கும் அனுப்புகிறேன். மூலத்தை அம்மாவின் பிஸ்கட் டின்னில் போட்டு வைக்கிறேன். 2026 ஏப்ரலில் தங்கையிடமிருந்து பதில் வந்தது. மாநகராட்சி வரியில் 150 ரூபாய் குறைவாக எழுதியிருக்கிறேனாம். ரசீதை எடுத்துப் பார்த்தேன். அவள் சொன்னதுதான் சரி.